ஊரைச் சொல்லிக்கொடுப்பது காலே!

நடுவர் அவர்களே, கண்ணை நம்பி எதிரணியில் உட்கார்ந்திருக்கும் அண்ணன் அவர்களே, அக்கா அவர்களே, வேலை வெட்டியை முடித்துவிட்டு இந்த நேரத்திலும் கலையாமல் இருக்கும் கிருஷ்ணகிரி மக்களே, வணக்கம்.

‘ஓர் இடத்தை நமக்கு உணர்த்துவது கண்ணா, காலா?’ இதுதான் தலைப்பு. எனக்கு முன்னால் பேசிய அண்ணன் நம்ம மலையைக் காட்டியே கைதட்டல் வாங்கிவிட்டார். “பெங்களூரிலிருந்து வருகிறவர் தூரத்திலேயே சையத் பாஷா மலையைப் பார்க்கிறார், கிருஷ்ணகிரி வந்துவிட்டது என்று தெரிந்துகொள்கிறார். காரை விட்டு இறங்கினாரா? ஓர் அடி நடந்தாரா? கண் போதாதா?” என்று கேட்டார்.

சரி, அண்ணா. அந்தக் காரில் வந்தவர் அப்புறம் என்ன செய்தார்? டோல்கேட்டில் நின்றார், சென்னை ரோட்டில் திரும்பினார், போய்விட்டார். மாசாமாசம் இந்த வழியாகப் போகிற மனிதர்தான். பழையபேட்டை எந்தப் பக்கம் என்று அவரிடம் கேட்டுப் பாருங்கள். ரவுண்டானாவிலிருந்து பிரிகிற ரோட்டில் எது எங்கே போகும் என்று கேளுங்கள். முழிப்பார். அவர் கிருஷ்ணகிரியைப் பார்த்திருக்கிறார். கிருஷ்ணகிரிக்கு வந்ததில்லை.

மலை என்றதும் வரலாறும் ஞாபகத்துக்கு வருகிறது. திப்பு சுல்தானோடு ஆங்கிலேயர் நடத்திய மூன்றாம் மைசூர்ப் போர், 1791 நவம்பர். மாக்ஸ்வெல் என்ற ஆங்கிலேயத் தளபதி இந்த மலைக்கோட்டையைப் பிடிக்கப் படையோடு வந்தார். பேட்டையைப் பிடித்தார், கீழ்க்கோட்டையையும் பிடித்தார். மேல்கோட்டை கண்ணுக்கு நேராகத்தான் நின்றது. ஆனால் கடைசிவரை மேலே போக முடியவில்லை, திரும்பிவிட்டார்கள். கண்ணுக்கு எட்டியது காலுக்கு எட்டவில்லை என்றால் என்ன ஆகும் என்பதற்கு நம்ம மலையே சாட்சி. அண்ணன் கூட்டிவந்த சாட்சி எங்கள் பக்கம் பேசுகிறது, நடுவர் அவர்களே!

கதை வேண்டாம், அறிவியல் வேண்டும் என்று அக்கா கேட்டார். தருகிறேன். 1963-இல் ரிச்சர்ட் ஹெல்ட், ஆலன் ஹெய்ன் என்ற இரண்டு பேர் பூனைக்குட்டிகளை வைத்து ஒரு சோதனை செய்தார்கள். இருட்டில் வளர்ந்த குட்டிகள். தினமும் கொஞ்ச நேரம் மட்டும் வெளிச்சத்துக்குக் கொண்டுவந்து, இரண்டிரண்டாக ஒரு ராட்டினத்தில் பூட்டினார்கள். ஒரு குட்டி தன் காலால் நடந்து சுற்றும். அது இழுக்க இழுக்க, எதிர்ப்பக்கம் ஒரு தொட்டிலில் இன்னொரு குட்டி உட்கார்ந்தபடியே சுற்றும். சுற்றிலும் கோடு போட்ட சுவர். இரண்டுக்கும் ஒரே வெளிச்சம், ஒரே காட்சி. கண்ணுக்கு எந்த வஞ்சனையும் செய்யவில்லை.

முடிவு என்ன? நடந்த குட்டிக்குப் பள்ளம் எது, மேடு எது என்று தெரிந்தது. தொட்டிலில் சவாரி செய்த குட்டிக்குத் தெரியவில்லை. ஒரு பொருளை முகத்துக்கு நேராக வேகமாகக் கொண்டுவந்தால்கூட அது கண்ணைச் சிமிட்டவில்லை. அவிழ்த்துவிட்டுக் கொஞ்ச நாள் ஓடி ஆடிய பிறகுதான் தேறியது. “பார்த்தீர்களா, கண்ணும் வேண்டுமே” என்று அக்கா எழுந்திருப்பார். வேண்டும் அக்கா, இல்லை என்று யார் சொன்னது? ஆனால் தூரம் என்றால் என்ன, ஆழம் என்றால் என்ன என்று அந்தக் கண்ணுக்குப் பாடம் எடுத்தது கால். வாத்தியார் யார் என்பதுதானே இன்றைய வழக்கு?

மூளைக்குள்ளும் இதே சங்கதிதான். எலி ஓர் இடத்துக்குப் போனதும் அதன் மூளையில் அந்த இடத்துக்கென்றே சில செல்கள் துடிப்பதை ஜான் ஓ’கீஃப் 1971-இல் எழுதினார். எலி நடக்க நடக்கத் தரையில் கட்டம் கட்டமாக அளவு போடும் செல்களை மோசர் தம்பதி 2005-இல் சொன்னார்கள். மூவருக்கும் 2014-இல் நோபல் பரிசு. அந்தக் கட்டம் போடும் செல்கள், விளக்கை அணைத்த பிறகும் எலி நடந்தால் வேலை செய்கின்றன. இருட்டில் அண்ணனின் கட்சிக்காரரான கண்ணுக்கு அங்கே என்ன வேலை?

நகரத்துக்கு வருவோம். கெவின் லிஞ்ச் என்ற நகரமைப்பு அறிஞர் பாஸ்டன், ஜெர்சி சிட்டி, லாஸ் ஏஞ்சல்ஸ் மக்களிடம் ‘உங்கள் ஊரை ஒரு தாளில் வரைந்து காட்டுங்கள்’ என்று கேட்டு, 1960-இல் அதை வெளியிட்டார். உயரமான கட்டடங்களும் வந்தன, மறுக்கவில்லை. ஆனால் பெரும்பாலானவர்கள் மனத்தில் முதன்மையாக நின்றவை பாதைகள். பலர் தாங்கள் போய்வரும் வழியைப் போட்டுவிட்டு, மற்றதை அதன் ஓரத்தில்தான் சேர்த்தார்கள்.

இவ்வளவு தூரம் போகவே வேண்டாம், நம்ம பக்கமே போதும். ஞாயிற்றுக்கிழமை போச்சம்பள்ளி சந்தைக்கு வாருங்கள். ஆட்டுக்காரர் நிற்கிற இடம், கோழிக்கூடை வரிசை, புளி கொட்டியிருக்கும் சாக்கு, இரண்டு பேர் ஒருக்களித்துத்தான் போக முடிகிற சந்து. முட்டியும் மோதியும் போகிறோம். எது எங்கே என்று யாருக்கும் பலகை வைக்கவில்லை. கூட்டம் தள்ளுகிற பக்கமே வழி. திங்கட்கிழமை அதே இடத்தைக் கண்ணால் போய்ப் பாருங்கள். வெறும் மைதானம்! அங்கே ஒரு தெருவைக் கட்டியது கொத்தனார் இல்லை, வந்துபோன கால்கள்.

கோயிலைப் பாருங்கள். உள்ளே போகிறவரிடம் செருப்பைக் கழற்றச் சொல்கிறார்கள், மூக்குக்கண்ணாடியைக் கழற்றச் சொல்வதில்லை. ஏன்? மரியாதைக்காகத்தான். ஆனால் அதனால் என்ன ஆகிறது? மத்தியானம் வெளிப்பிரகாரத்துக் கல் சுடுகிறது, ஓடுகிறோம். மண்டப நிழலில் கால் வைத்ததும் நடை தானாக மெதுவாகிறது. வாசற்படியில் காலைத் தூக்கித் தாண்டுகிறோம். சன்னதிக்கு முன்னால் அபிஷேகத் தண்ணீரும் எண்ணெயும் பட்டுத் தரை வழுக்குகிறது, இன்னும் நிதானமாகிறோம். வெளிச்சம் குறையக் குறையக் கண் பின்வாங்கி, உள்ளங்கால் முன்னே போகிறது. உள்ளே வந்துவிட்டோம் என்று உடம்புக்குச் சொன்னது யார்?

பக்கத்தில் தருமபுரிக் கோட்டைக் கோயிலில் தொங்கும் தூண் இருக்கிறது. கண்ணுக்கு அது ஊன்றி நிற்கிற தூண். அடியில் துணியை விட்டு இழுத்துப் பார்த்தால்தான் தரையைத் தொடவில்லை என்று தெரியும். இது காலின் வெற்றி இல்லை, கையின் வெற்றி என்பீர்கள். ஒப்புக்கொள்கிறேன். நாங்கள் கையோடு கூட்டணி. சிரிக்காதீர்கள் நடுவர் அவர்களே, இதில் அரசியல் இல்லை!

போனில் வரைபடம் இருக்கும்போது கால் எதற்கு என்றார் அக்கா. அந்த நீலப் புள்ளியை நம்பி ஒரு கல்யாண வீட்டுக்குப் போனவரை, அடுத்த வாரம் போனில்லாமல் அதே வீட்டுக்கு அனுப்பிப் பாருங்கள். அவ்வளவுதான் அதற்குப் பதில்.

கடைசியாக அண்ணன் ஒரு கேள்வி கேட்டார். அரங்கமே அமைதியானது. “நடக்க முடியாதவருக்கு ஊர் தெரியாதா?” என்றார். கனமான கேள்வி, தட்டிக்கழிக்க மாட்டேன். நாங்கள் கால் என்று சொல்வது ஐந்து விரல் உள்ள உறுப்பை மட்டும் இல்லை, உடம்போடு ஓர் இடத்துக்குள் போய்வருவதை. மூன்று சக்கர வண்டியைக் கையால் சுற்றி ஓட்டிக்கொண்டு வருகிறவருக்கு நம் எல்லோரையும்விட இந்த ஊர் நன்றாகத் தெரியும். எந்தத் தெரு லேசாக ஏறுகிறது, எந்த வேகத்தடை முதுகை உடைக்கும், எங்கே சாக்கடை மூடி தூக்கிக்கொண்டிருக்கிறது என்று கேளுங்கள், வரிசையாகச் சொல்வார்.

அப்படி ஒருவரை ஓர் அலுவலக வாசலில் பார்த்தேன். பெயர் வேண்டாம். மனு கொடுக்கிற இடம் முதல் மாடியில். படிதான் இருக்கிறது, சாய்தளம் இல்லை, லிஃப்ட் இல்லை. அவர் கண்ணுக்கு ஒரு குறையும் இல்லை, அண்ணா. மாடி தெரிகிறது, பெயர்ப்பலகை தெரிகிறது, ஜன்னலுக்குள் ஓடுகிற ஃபேன்கூடத் தெரிகிறது. பார்ப்பதே போதும் என்றால் அவர் மனுவைக் கண்ணாலேயே கொடுத்துவிட்டுப் போயிருக்கலாமே, வண்டியில் உட்கார்ந்தபடி போகிற வருகிறவரையெல்லாம் ஏன் கூப்பிட்டுக்கொண்டிருந்தார்?

மணி அடித்துவிட்டீர்கள், நடுவர் அவர்களே. இதற்கு மட்டும் எதிரணி பதில் சொல்லட்டும். நன்றி, வணக்கம்.