கால் தினார் கெடச்சிருச்சு! குவைத் போரோட கதை இந்த நோட்டுலதான் இருக்கு

வணக்கம் மக்களே! தம்ப்நெயில் பாத்துட்டே வந்திருப்பீங்க. ஆமா, கெடச்சிருச்சு! குவைத் கால் தினார், 1980-ல வந்த மூணாவது வரிசை. எத்தனை வீடியோல இதைத் தேடுறேன்னு புலம்பியிருக்கேன், உங்களுக்கே தெரியும்.

மொதல்ல விலையைச் சொல்லிடுறேன். ஞாயித்துக்கிழமை நாணயக் கண்காட்சியில, கடைசி டேபிள்ல ஒரு பெரியவர் வச்சிருந்தார். 600 ரூபான்னாரு. "ஐயா, நடுவுல மடிப்பு விழுந்திருக்கு, வெளிச்சத்துல காட்டுங்க"ன்னேன். காட்டுனாரு. மடிப்பு இருக்கு, ஆனா ஊசி ஓட்டை இல்ல, ஓரம் கிழியல. 300-க்குக் கேட்டேன். நோட்டை எடுத்து ஆல்பத்துல சொருகிட்டாரு! நான் நகரல. பக்கத்துல இருந்த இலங்கை நோட்டெல்லாம் ஒண்ணொண்ணா பாத்துட்டு நின்னேன். கடைசியில அவரே "சரி, 350 குடுத்துட்டு எடுத்துக்கப்பா"ன்னாரு. இதே நோட்டுக்கு ஆன்லைன்ல ஒருத்தர் 1500 கேட்டாரு மக்களே, அதுவும் லேமினேட் பண்ணி! நோட்டை லேமினேட் பண்றவங்களை எனக்கு அறவே பிடிக்காது.

கேமரா கிட்ட கொண்டு வர்றேன். இடது பக்கம் பாருங்க, எண்ணெய்க் கிணறு தோண்டுற கோபுரம். திருப்புனா சுத்திகரிப்பு ஆலை. ஒரு நாடு தன் வயித்துப்பாட்டை அப்படியே பணத்துல அச்சடிச்சிருக்கு. அந்த எண்ணெய்க்குத்தான் 1990 ஆகஸ்ட் 2 விடிகாலையில ஈராக் அதிபர் சதாம் உசேனோட டாங்கி எல்லையைத் தாண்டிச்சு.

ஏன்னு கேட்டா எல்லாரும் "சதாமுக்குப் பேராசை"ன்னு ஒரே வரியில முடிச்சிடுறாங்க. எனக்கு அது எரிச்சலா இருக்கு. பேராசை இருந்துச்சு, இல்லேங்கல. ஆனா கடன்னு ஒண்ணு இருக்கே! 1980-ல இருந்து 88 வரைக்கும் ஈரானோட எட்டு வருஷம் சண்டை. முடிஞ்சப்போ ஈராக் தலையில மலை மாதிரி கடன். குவைத்துக்கு மட்டும் சுமார் 1400 கோடி டாலர். அதைத் தள்ளுபடி பண்ணுங்கன்னாரு சதாம், குவைத் மாட்டேன்னுச்சு. அடைக்கணும்னா எண்ணெய் விலை ஏறணும். ஆனா 1990 முதல் பாதியில விலை எறங்கிட்டே போச்சு, ஏன்னா குவைத்தும் அமீரகமும், எண்ணெய் விக்குற நாடுகளோட கூட்டமைப்பான ஒபெக் குடுத்த அளவுக்கு மேல எடுத்து வித்துட்டு இருந்தாங்க. பேரலுக்கு ஒரு டாலர் கொறஞ்சா ஈராக்குக்கு வருஷத்துக்கு 100 கோடி டாலர் போகுதுன்னு அந்த மே மாசம் அரபு மாநாட்டுல சதாமே சொன்னாரு. ஜூலையில ஒபெக் கூடி இலக்கு விலையை 18-ல இருந்து 21 டாலருக்கு ஏத்துச்சு. ஆனாலும் அடுத்த வாரமே படையெடுப்பு.

அட, ருமைலாவை விட்டுட்டேன் பாருங்க! எல்லையில பூமிக்கடியில ரெண்டு நாட்டுக்கும் நீளுற எண்ணெய் வயல் அது. பக்கத்துத் தோட்டத்துக் கெணத்துக்குச் சாய்வா துளை போட்டுத் தண்ணி உறிஞ்சுற மாதிரி, குவைத் எங்க எண்ணெயை எடுத்துடுச்சு, 240 கோடி டாலர் தரணும்னு ஈராக் புகார். குவைத் மறுத்துச்சு.

இப்ப நோட்டுக்கு வர்றேன். உள்ள வந்த ஈராக் படை குவைத் மத்திய வங்கியைக் காலி பண்ணிச்சு. தங்கத்தைப் போருக்கப்புறம் திருப்பிக் குடுத்தாங்க. ஆனா பணத்துல நெறைய வெளிய போயிடுச்சு. கட்டுக் கட்டாப் போன புது நோட்டுதான் இப்ப உலகம் பூரா சேகரிப்பாளர்கள் கையில சுத்துது. எந்த வரிசை எண் திருட்டு நோட்டுன்னு கேட்டலாக்லயே இருக்கு. வாங்குறப்ப எண்ணைப் பாருங்க! என்னோடது அதுல வராது, யாரோ சம்பளமா வாங்கி மடிச்சு வச்ச நோட்டு. அந்த மடிப்பே எனக்குப் பிடிச்சுப் போச்சு.

சம்பளம்னு சொன்னேன்ல, அங்கதான் வயிறு எரியுது. குவைத் தினார் ஒண்ணு, ஈராக் தினார் ஒண்ணுக்குச் சமம்னு ஈராக் அறிவிச்சது. சந்தையில குவைத் தினாருக்குப் பல மடங்கு மதிப்பு! வருஷக்கணக்கா ஒழைச்சுச் சேத்தவங்க காசு ஒரே உத்தரவுல கரைஞ்சு போச்சு. அந்தக் காசோட இந்தியர்கள் பாக்தாத் வழியா பஸ்ல ஜோர்டானுக்குப் போய், பாலைவன முகாம்ல கெடந்து, அம்மான்ல இருந்து விமானம் ஏறுனாங்க. 1,70,000 பேருக்கு மேல. ஏர் இந்தியா மட்டும் 488 தடவை பறந்துச்சு. கேரளாக்காரங்க அதிகம், நம்ம ஊர்க்காரங்களும் உண்டு. வீட்டு வேலைக்குப் போன இலங்கைப் பெண்களும் அப்படித்தான் தப்பிச்சு வந்தாங்க.

எண்ணெய் விலை அக்டோபர்ல 40 டாலரைத் தாண்டிச்சு. ஏற்கெனவே அந்நியச் செலாவணி வறண்டு கெடந்த இந்தியாவுக்கு இது பெரிய அடி. வளைகுடாவுல இருந்து வர்ற பணமும் கொறஞ்சிடுச்சு. 1991 ஜூலையில ரிசர்வ் வங்கி 47 டன் தங்கத்தை வெளிநாட்டுல அடமானம் வச்சது. ஆனா அதுக்கு முன்னாடி, 1991 ஜனவரி 17, அமெரிக்கக் கூட்டணி ஈராக் மேல குண்டு போட ஆரம்பிச்ச அன்னைக்கு, விலை ஒரே நாள்ல 10 டாலருக்கு மேல விழுந்துச்சு! சவூதி எண்ணெய்க்கு ஆபத்தில்லைன்னு சந்தை முடிவு பண்ணிடுச்சு. ஜனங்க செத்துட்டு இருக்காங்க, அங்க நிம்மதிப் பெருமூச்சு. என்னால ஜீரணிக்க முடியல.

தோத்து ஓடுறப்ப ஈராக் படை 600-க்கும் மேல கிணறுகளைக் கொளுத்துச்சு. பகல்லயே இருட்டு. அணைக்க ஹங்கேரிக்காரங்க கொண்டு வந்த வண்டியைப் பத்திப் படிச்சு அசந்துட்டேன்: பழைய டி-34 டாங்கி, மேல பீரங்கிக்குப் பதிலா ரெண்டு மிக்-21 விமான இன்ஜின்! அதோட காத்துல தண்ணியைக் கலந்து நெருப்பை ஊதியே அணைப்பாங்க. தண்ணிக்கு? கடலுக்கு எண்ணெய் கொண்டு போன குழாயிலயே கடல் தண்ணியைத் திருப்பிக் கொண்டு வந்தாங்க. கடைசிக் கிணறு அடங்குனது நவம்பர் 6. மண்ணுல தேங்குன எண்ணெய் ஏரிகளை அதுக்கப்புறமும் பல வருஷம் சுத்தம் பண்ண வேண்டியிருந்துச்சு.

ஐ.நா. விதிச்ச இழப்பீட்டை ஈராக் தன் எண்ணெய் வருமானத்துல இருந்தே கட்டுச்சு. மொத்தம் 5240 கோடி டாலர், கடைசித் தவணை 2022 ஜனவரியில! சதாம் போயாச்சு, ஆட்சி மாறியாச்சு, படையெடுப்பப்போ பொறக்காத பிள்ளைங்க காசுலயும் போச்சு அது.

இன்னொண்ணு. ஓடி வந்த தொழிலாளிகளுக்கும் அதுல தனி ஆளுக்கு 2500 இல்லேன்னா 4000 டாலர் கெடச்சது. உங்க வீட்ல அந்த மனு நகல், பழைய குவைத் அடையாள அட்டை ஏதாவது இருந்தா தயவுசெஞ்சு எடைக்குப் போட்டுடாதீங்க. போட்டோ எடுத்து அனுப்புங்க, அதுக்குன்னே தனி வீடியோ போடுறேன். அடுத்த வாரம் ஈராக் நோட்டு. பொருளாதாரத் தடையால வெளிநாட்டுல அச்சடிக்க முடியாம சாதாத் தாள்ல அவங்களே அடிச்சது. தொட்டாலே மை ஒட்டுற மாதிரி இருக்கு, ரெண்டு கட்டு வாங்கி வச்சிருக்கேன்.