காட்டாமல் காட்டும் மரியா ஷ்ராடர்

வணக்கம் நண்பர்களே. நடிப்பிலிருந்து இயக்கத்துக்கு வந்த ஜெர்மானியர்களில் எனக்கு மிகவும் பிடித்தவரான மரியா ஷ்ராடரைப் பற்றி இன்று பேசப்போகிறேன்.

1965இல் ஹானோவரில் பிறந்த ஷ்ராடர், ஜெர்மன் ரசிகர்களுக்கு முதலில் நடிகையாகவே அறிமுகமானார். போர்க்காலப் பெர்லினில் தலைமறைவாக வாழ்ந்த யூதப் பெண்ணாக 'ஏமே உண்ட் யாகுவார்' படத்தில் நடித்து, உடன் நடித்த யூலியானே கோலருடன் சேர்ந்து 1999இல் பெர்லின் விழாவின் வெள்ளிக்கரடி விருதைப் பெற்றார். 'டாய்ச்லாண்ட் 83' தொடரைப் பார்த்தவர்களுக்கு, சொந்தச் சகோதரியின் மகனையே உளவுக்கு அனுப்பும் லெனோராவாக வந்த ஷ்ராடரின் இறுகிய முகம் இன்னும் நினைவிலிருக்கும்.

2007இல் 'லீபெஸ்லேபன்' படத்தை இயக்கினார். ஆனால் அவர் யார் என்பதை எனக்குப் புரியவைத்தது, எழுத்தாளர் ஸ்டெஃபான் ஸ்வைக்கின் நாடிழந்த ஆண்டுகளைச் சொல்லும் 2016ஆம் ஆண்டுப் படம்தான். அதன் கடைசிக் காட்சி பிரேசிலின் பெட்ரோபோலிஸ் நகரில், 1942இல் நடக்கிறது. அசையாமல் நிற்கும் கேமராவின் முன்னால் அக்கம்பக்கத்தாரும் காவலர்களும் வந்துபோகிறார்கள். யாரோ அலமாரிக் கதவைத் திறக்க, அதில் பதித்த நிலைக்கண்ணாடியில், ஸ்வைக்கும் அவர் மனைவியும் உயிரற்றுக் கிடக்கும் கட்டில் சில நொடிகள் தெரிகிறது. அந்த மரணத்தை நேராகக் காட்டியிருந்தால் இவ்வளவு வலித்திருக்காது என்றே நினைக்கிறேன்.

'டாய்ச்லாண்ட் 83' தொடரை உருவாக்கியவர்களில் ஒருவரான அன்னா விங்கர், நெட்ஃப்ளிக்ஸுக்காகத் தாம் இணைந்து உருவாக்கிய 'அன்ஆர்த்தடாக்ஸ்' தொடரின் இயக்கத்தை ஷ்ராடரிடமே ஒப்படைத்தார். பெரும்பகுதி, கிழக்கு ஐரோப்பிய யூதர்களின் மொழியான இத்திஷில் அமைந்த அந்த நான்கு பகுதித் தொடர் 2020இல் அவருக்கு எம்மி விருதைப் பெற்றுத் தந்தது. அடுத்த ஆண்டு வந்த 'இஷ் பின் டைன் மென்ஷ்' படத்தில், ஒரு பெண்ணுக்கென்றே வடிவமைக்கப்பட்ட காதலன் எந்திரமாக டேன் ஸ்டீவன்ஸ் ஜெர்மன் பேசி நடித்தார். கதாநாயகி மாரன் எகர்ட்டுக்கு வெள்ளிக்கரடி கிடைத்தது.

ஹாலிவுட் தயாரிப்பாளர் ஹார்வி வைன்ஸ்டைன் பெண்களுக்கு இழைத்த பாலியல் குற்றங்களை வெளிக்கொணர்ந்த செய்தியாளர்களைப் பற்றிய 'ஷீ செட்' (2022) வசூலில் தோற்றதை நான் மறைக்கவில்லை. ஆனாலும் அந்தக் கண்ணாடியின் அறிவு அதிலும் வேலை செய்கிறது: வன்முறை ஒருமுறைகூடத் திரையில் காட்டப்படுவதில்லை. ஒரு பெண் ரகசியமாகப் பதிவுசெய்த உண்மையான ஒலிநாடா ஒலிக்க, ஆளில்லாத விடுதித் தாழ்வாரத்தில் கேமரா மெல்ல நகர்கிறது. வைன்ஸ்டைன் பத்திரிகை அலுவலகத்துக்கு வரும்போதும் நமக்குக் கிடைப்பது அவருடைய முதுகு மட்டுமே; அவர் பேசிக்கொண்டே இருக்க, கேமரா, செய்தியாளராக நடிக்கும் கேரி மல்லிகனின் முகத்தை நோக்கியே நெருங்குகிறது.