டிரம் மெஷினுக்குப் பயப்படாத டிரம்மர்: நியூ ஆர்டரின் ஸ்டீஃபன் மாரிஸ்

(திரையில்: 1980களின் லண்டன். ஒரு டிரம் செட். பக்கத்து மேசையில் பொத்தான்கள் நிறைந்த ஒரு மின்பெட்டி.)

1982 மே மாதம். பிரிட்டனின் இசைக்கலைஞர்கள் சங்கத்தில் மத்திய லண்டன் கிளை ஒரு தீர்மானம் போட்டது. மின்சாரத்தில் இசை ஒலி எழுப்பும் சிந்தசைசரையும், தானாகத் தாளம் போடும் டிரம் மெஷினையும் தடை செய்ய வேண்டும் என்பதுதான் அது. சங்கம் முழுவதும் அதை ஏற்கவில்லை என்றாலும், அந்தப் பயத்தை யாரும் குறை சொல்ல முடியாது. டிரம் மெஷினை ஒருமுறை வாங்கிவிட்டால் போதும். அது சம்பளம் கேட்காது, ஒத்திகைக்குத் தாமதமாக வராது, தாளமும் தப்பாது. அப்புறம் டிரம்மருக்கு என்ன வேலை?

அதே காலத்தில் மான்செஸ்டர் இசைக்குழு ஒன்றின் டிரம்மர் அந்த மாதிரி ஒரு பெட்டிக்கு முன்னால் ஆசையோடு உட்கார்ந்திருந்தார். அவர் பெயர் ஸ்டீஃபன் மாரிஸ், குழுவின் பெயர் நியூ ஆர்டர். அடுத்த வருடமே அவர்கள் வெளியிட்ட பாட்டு, உலகத்திலேயே அதிகம் விற்ற 12 அங்குல சிங்கிள் (ஒரு பாட்டுக்காகத் தனியாக வெளியிடும் இசைத்தட்டு) ஆனது. அதில் தாளம் முழுக்க மெஷின்தான்.

தன் வேலையைப் பறிக்க வந்ததாக எல்லோரும் சொன்ன கருவியை ஒரு டிரம்மர் எப்படித் தன்னுடைய வாத்தியமாக்கிக்கொண்டார்? அதைத்தான் இந்த வீடியோவில் பார்க்கப் போகிறோம். பதில் மெஷின் வருவதற்கு முன்னாலேயே தொடங்குகிறது.

(திரையில்: வடமேற்கு இங்கிலாந்தின் வரைபடம். மான்செஸ்டருக்குத் தெற்கே மாக்லஸ்ஃபீல்ட்.)

மாரிஸ் பிறந்தது 1957 அக்டோபரில், மாக்லஸ்ஃபீல்ட் என்ற ஊரில். ஒரு காலத்தில் பட்டு ஆலைகளுக்குப் பேர்போன ஊர். அவருக்கு 19 வயது இருக்கும்போது, உள்ளூர் இசைக்கடையின் கண்ணாடியில் ஒரு சீட்டு ஒட்டியிருந்தது: வார்சா என்ற பங்க் குழுவுக்கு டிரம்மர் தேவை. ஒட்டியவர் அந்தக் குழுவின் பாடகர் இயன் கர்டிஸ். அவரும் மாக்லஸ்ஃபீல்ட்காரர்தான், மாரிஸ் படித்த அதே பள்ளியில் இரண்டு மூன்று வகுப்பு மேலே படித்தவர்.

வார்சாவில் அதற்கு முன் டிரம்மர்கள் வருவதும் போவதுமாக இருந்தார்கள். 1977 கோடையில் மாரிஸ் வந்தார், அந்த இடம் நிரந்தரமாக நிரம்பியது. 1978 தொடக்கத்தில் குழு தன் பெயரை ஜாய் டிவிஷன் என்று மாற்றிக்கொண்டது. கிடாரில் பெர்னார்ட் சம்னர், பேஸ் கிடாரில் பீட்டர் ஹூக்.

இந்தக் குழுவில் டிரம்ஸுக்கு ஒரு வித்தியாசமான இடம் இருந்தது. வழக்கமான ராக் குழுவில் பேஸ் கிடார் அடியில் நின்று தாளத்தைத் தாங்கும், மேலே கிடார் மெட்டு போடும். ஹூக்கோ பேஸ் கிடாரில் மேல் ஸ்வரங்களுக்கு ஏறி மெட்டையே வாசிப்பார். அதனால் கீழே ஒரு வெற்றிடம். அதை மாரிஸ் டாம் என்ற, ஆழமாக ஒலிக்கும் டிரம்களை வைத்து நிரப்பினார். பாட்டு முழுக்க ஒரே வடிவத்தைத் திரும்பத் திரும்ப, கொஞ்சமும் பிசகாமல் வாசிப்பார். ஜெர்மனியின் கேன் குழுவில் வாசித்த யாக்கி லீபட்சைட் அவருக்கு ஆதர்சம். அவரும் இப்படித்தான், மணிக்கணக்கில் ஒரே சுழலில் வாசிப்பவர்.

ஒரே அடியைத் திரும்பத் திரும்ப வாசித்தால் சலிக்காதா என்று தோன்றலாம். சலிக்க விடாமல் வாசிப்பதுதான் அதில் உள்ள கஷ்டமே. ரோல், சோலோ என்று வித்தை காட்டும் டிரம்மரைவிட இப்படி அடக்கி வாசிப்பவரிடம் எனக்கு மரியாதை அதிகம்.

(திரையில்: ஸ்டாக்போர்ட், ஸ்ட்ராபெரி ஸ்டுடியோ. நடுவில் ஒரே ஒரு ஸ்னேர் டிரம், அதன் மேல் ஒரு மைக்.)

1979. ஸ்டாக்போர்ட்டில் உள்ள ஸ்ட்ராபெரி ஸ்டுடியோ. ஜாய் டிவிஷனின் முதல் ஆல்பம் பதிவாகிறது. தயாரிப்பாளர் மார்ட்டின் ஹானெட். டிரம்ஸ் எப்படி ஒலிக்க வேண்டும் என்பதில் அவருக்கு வெறி என்றே சொல்லலாம்.

டிரம் செட்டில் காலால் அடிக்கும் பெரிய கிக் டிரம், கூர்மையாக ஒலிக்கும் ஸ்னேர், டாம், இரட்டை உலோகத் தட்டான ஹை-ஹாட் எல்லாம் பக்கத்தில் பக்கத்தில் இருக்கும். ஸ்னேருக்கு வைத்த மைக்கில் ஹை-ஹாட் சத்தமும் சேர்ந்து விழும். அப்புறம் ஸ்னேருக்கு மட்டும் எதிரொலி சேர்க்க நினைத்தால் ஹை-ஹாட்டுக்கும் எதிரொலி வந்துவிடும். ஹானெட்டுக்கு அது பிடிக்கவே பிடிக்காது. அவர் கண்ட வழி: சிங்கிளாக வெளியிடலாம் என்று அவர் நினைத்த பாட்டுகளில் மாரிஸை ஒவ்வொரு டிரம்மாகத் தனித்தனியே வாசிக்க வைத்தார். முதலில் பாட்டு முழுக்க கிக் மட்டும். மறுபடி பாட்டு முழுக்க ஸ்னேர் மட்டும். அப்புறம் ஹை-ஹாட்.

மிருதங்க வித்வானைக் கூப்பிட்டு, "இப்போது தொப்பியை மட்டும் வாசியுங்கள், வலந்தலையை அப்புறம் தனியாகப் பதிவு செய்துகொள்ளலாம்" என்று சொன்னால் எப்படி இருக்கும்? இரண்டு கையும் இரண்டு காலும் சேர்ந்து ஓடிப் பழகிய உடம்பு அது. ஒன்றை மட்டும் ஓடவிட்டு மற்ற மூன்றையும் கட்டிப்போடுவது பெரிய அவஸ்தை. இதில் மனிதத்தன்மையே போய்விடுகிறது என்று மாரிஸ் பின்னாளில் சலித்துக்கொண்டிருக்கிறார்.

ஆனால் அவருக்கு என்ன பயிற்சி கிடைத்தது என்று பாருங்கள். தாளத்தை ஒரே அசைவாக நினைக்காமல் கிக் ஒரு வரிசை, ஸ்னேர் ஒரு வரிசை, ஹை-ஹாட் ஒரு வரிசை என்று தனித்தனியாகப் பிரித்து நினைக்க வேண்டிவந்தது. டிரம் மெஷினில் தாளம் போடுபவர் யோசிப்பதும் அப்படித்தான். மெஷின் கைக்கு வருவதற்குச் சில வருடம் முன்பே மாரிஸின் மூளை அந்தப் பாஷையைக் கற்றுக்கொண்டுவிட்டது.

மின்சத்தங்கள்மேல் ஆசையும் அப்போதே இருந்தது. தட்டினால் விண்வெளிப் படத்தில் வருவதுபோல ஒலிக்கும் மின் டிரம் ஒன்றையும் செட்டோடு சேர்த்துக்கொண்டார். ‘ஷீஸ் லாஸ்ட் கன்ட்ரோல்’ பாட்டுக்காக டேப் ரெக்கார்டரின் ஹெட்டைத் துடைக்கும் ஸ்பிரேயை மைக் முன்னால் தாளத்துக்கு ஏற்ப அடித்துப் பதிவு செய்தார்கள். டப்பாவை அழுத்தினால் வரும் அந்த ‘ஷ்ஷ்’ சத்தமும் தாளத்தில் ஒரு அடி.

(திரை சில நொடி வெறுமையாக இருக்கட்டும்.)

1980 மே 18. அமெரிக்கச் சுற்றுப்பயணத்துக்குக் கிளம்ப வேண்டிய நேரத்தில் இயன் கர்டிஸ் தற்கொலை செய்துகொண்டார். அவருக்கு வயது 23.

மீதி மூன்று பேரும் ஜாய் டிவிஷன் என்ற பெயரை விட்டுவிட்டார்கள். நியூ ஆர்டர் என்று புதிதாகத் தொடங்கினார்கள். யார் பாடுவது? மூன்று பேருமே பாடிப் பார்த்தார்கள், மாரிஸ் உட்பட. கடைசியில் அந்தப் பொறுப்பு சம்னரிடம் போனது. அந்த வருடக் கடைசியில் கீபோர்டும் கிடாரும் வாசிக்க ஜில்லியன் கில்பர்ட் சேர்ந்தார். அவரும் மாக்லஸ்ஃபீல்ட், மாரிஸின் காதலி. இருவரும் 1994இல் திருமணம் செய்துகொண்டார்கள்.

நியூயார்க் போனபோது அங்குள்ள கிளப்களில் விடிய விடிய ஆட வைக்கும் மின்னிசையைக் கேட்டார்கள். துக்கத்தில் இருந்தவர்களுக்கு அது ஒரு கதவைத் திறந்துவிட்டது.

(திரையில்: ஓபர்ஹெய்ம் டிஎம்எக்ஸ் டிரம் மெஷின், அருகில்.)

இதுதான் டிஎம்எக்ஸ். அமெரிக்காவின் ஓபர்ஹெய்ம் நிறுவனம் செய்தது. பழைய டிரம் மெஷின்களில் வரும் ‘டிக் டிக்’ சத்தம் இதில் கிடையாது. உண்மையான டிரம் சத்தத்தைப் பதிவு செய்து சிப்பில் ஏற்றியிருப்பார்கள். பொத்தானை அழுத்தினால் நிஜ டிரம் அடிதான் கேட்கும். எந்த அடி எந்த இடத்தில் விழ வேண்டும் என்று சொல்லிவைத்தால் அது வாசித்துக்கொண்டே இருக்கும்.

கச்சேரி முடிந்ததும் "இன்னொரு பாட்டு" என்று கூட்டம் கேட்கும். அது நியூ ஆர்டருக்குப் பிடிக்காத விஷயம். பொத்தானை அழுத்திவிட்டு நாம் போய்விடலாம், மெஷினே வாசிக்கட்டும் என்ற யோசனையில் ஆரம்பித்ததுதான் ‘ப்ளூ மண்டே’. 1983 மார்ச் 7 அன்று வெளியானது, ஏழரை நிமிடப் பாட்டு.

தொடக்கத்தைக் கவனியுங்கள். கிக் டிரம் முதலில் இடைவெளி விட்டு, எண்ணி எண்ணி விழும். திடீரென்று அதே கிக் படபடவென்று ஓடும். பாட்டின் வேகம் நிமிடத்துக்கு 130 அடி. அந்தப் படபடப்பில் ஒவ்வொரு அடியும் நான்காகப் பிரிகிறது. கணக்குப் போட்டால் நொடிக்கு எட்டுக்கும் மேல். ஒரே காலால், ஒரே பெடலில், ஒவ்வொரு அடியும் ஒரே கனத்தில் விழும்படி இதை வாசிப்பது மிகமிகக் கஷ்டம். மனிதன் வாசித்ததாக நம்ப வைக்க இந்தத் தாளம் முயற்சி செய்யவே இல்லை. மெஷினுக்கு மட்டும் சுலபமாக வருவதைத் தேடி எடுத்து வாசலிலேயே வைத்துவிட்டார்கள். நாற்பது வருடம் கழித்தும் ஆட்டக்களத்தில் அந்த முதல் சில நொடிகளிலேயே கூட்டம் திரும்பிப் பார்ப்பது அதனால்தான்.

இதைச் செய்வது லேசாக இருக்கவில்லை. மின்கருவிகள் ஒன்றோடொன்று பேச ‘மிடி’ என்ற பொது மொழி அப்போதுதான் வரத் தொடங்கியிருந்தது, இவர்களுடைய கருவிகளில் அது இல்லை. பேஸ் மெட்டை ஓட்டியது சம்னர் பாகங்களை வாங்கித் தானே பூட்டிய ஒரு சீக்குவென்சர், அதாவது ஏற்றிவைத்த ஸ்வரங்களை வரிசையாக ஓட்டும் கருவி. அதுவும் டிஎம்எக்ஸும் ஒரே வேகத்தில் ஓடுவதற்குத் தனியாக ஒரு மின்சுற்று தேவைப்பட்டது. தாள வடிவத்தை சம்னரும் மாரிஸும் சேர்ந்துதான் செதுக்கினார்கள். முதலில் செய்த வடிவம் பிரமாதமாக இருந்ததாம். மாரிஸின் கால் பட்டு மின்வயர் கழன்று எல்லாம் அழிந்துபோய், மறுபடி முதலிலிருந்து செய்தார்கள் என்று பீட்டர் ஹூக் சொல்லியிருக்கிறார்.

கில்பர்ட்டின் வேலை இன்னும் பொறுமையானது. மெட்டின் ஒவ்வொரு ஸ்வரத்தையும் எண்ணாக சீக்குவென்சருக்குள் ஏற்ற வேண்டும். காகிதங்களை நீளமாக ஒட்டி எழுதிவைத்து ஏற்றினார். அதில் ஒரு ஸ்வரம் விட்டுப்போனது. அதனால் அந்த மெட்டு தாளத்தோடு நேராக உட்காராமல் கொஞ்சம் தள்ளி ஓடுகிறது. கேட்டுப் பார்த்தார்கள், நன்றாக இருந்தது, அப்படியே விட்டுவிட்டார்கள். மெஷின் பாட்டு என்று பேர் வாங்கிய பாட்டில் ஒரு கைத்தவறு இன்றும் ஓடிக்கொண்டிருக்கிறது. எனக்கு இந்தப் பாட்டில் மிகவும் பிடித்த விஷயம் அதுதான்.

பிரிட்டனில் மட்டும் இது பத்து லட்சத்துக்கு மேல் விற்றது. அந்தக் காலக் கணினிகளில் தகவல் சேமிக்கும் ஃபிளாப்பி டிஸ்க் மாதிரி, பெரிதாக வெட்டி எடுத்த உறையை வடிவமைத்தவர் பீட்டர் சேவில். இந்தக் குழுவிடம் அவர் பார்த்த நிஜ ஃபிளாப்பியிலிருந்து பிறந்த யோசனை அது.

(திரையில்: ஹசியெண்டா கிளப்பின் மஞ்சள், கறுப்புப் பட்டை போட்ட தூண்கள்.)

சரி, இவ்வளவு விற்றதே, பணம்? அதில் பெரும்பங்கு ஹசியெண்டாவுக்குப் போனது. 1982இல் மான்செஸ்டரில் திறந்த இரவு கிளப் அது. நியூ ஆர்டரும் அவர்களுடைய இசைத்தட்டு நிறுவனமான ஃபேக்டரி ரெக்கார்ட்ஸும் சேர்ந்து நடத்தியது. பிரிட்டனில் ஹவுஸ் என்ற மின் நடன இசை அலைக்கு அதுதான் கோயில், ஆனால் கணக்கில் நஷ்டம். ஃபேக்டரி 1992இல் திவாலானது, கிளப் 1997இல் மூடப்பட்டது. இசைத்தட்டு விற்றவர்கள் மற்றவர்களின் ஆட்டத்துக்குக் காசு கட்டியிருக்கிறார்கள்.

பாட்டுகளுக்கு மட்டும் குறைவில்லை. 1989இல் ‘டெக்னிக்’ ஆல்பம் பிரிட்டனில் முதலிடம். அடுத்த வருடம் உலகக்கோப்பைக்காக இங்கிலாந்து கால்பந்து அணியோடு செய்த பாட்டும் முதலிடம், சிங்கிளில் அவர்களுக்குக் கிடைத்த ஒரே முதலிடம். அந்தப் பாட்டுக்குள் மாரிஸும் கில்பர்ட்டும் ஒரு பிபிசி நிகழ்ச்சிக்காகச் செய்திருந்த முகப்பிசையின் ஒரு பகுதி இருக்கிறது. குழு ஓய்ந்திருந்தபோது சம்னரும் ஹூக்கும் தனித்தனியாகக் குழு தொடங்க, மிச்சம் இருந்த இந்த இருவரும் ‘தி அதர் டூ’ என்ற பெயரிலேயே ஆல்பம் போட்டார்கள். டிரம்மர் மெட்டுப் போட்டு, தொலைக்காட்சிக்கு இசையமைத்து, சிந்தசைசரும் வாசித்தார். செட்டுக்குப் பின்னால் மட்டும் உட்கார்ந்திருந்தால் இதெல்லாம் நடந்திருக்காது.

குடும்பத்தில் குழந்தையின் உடல்நிலை காரணமாக கில்பர்ட் 2001 வாக்கில் குழுவிலிருந்து விலகினார், 2011இல் திரும்பி வந்தார். ஹூக் 2007இல் பிரிந்து போனார், அந்தக் கசப்பு நீண்ட நாள் ஓடியது. மாரிஸ் எங்கும் போகவில்லை. 2015இல் ‘மியூசிக் கம்ப்ளீட்’ ஆல்பத்திலும் அவர்தான் டிரம்ஸ். 2019இலும் 2020இலும் தன் கதையை இரண்டு பாகமாக எழுதி வெளியிட்டார்.

(திரையில்: மூன்று இசைத்தட்டுகள் வரிசையாக.)

இதையெல்லாம் காதால் கேட்டுச் சரிபார்க்க மூன்று பாட்டு போதும். ஹெட்ஃபோன் போட்டுக்கொள்ளுங்கள். முதலில் 1979இன் ‘ஷீஸ் லாஸ்ட் கன்ட்ரோல்’: மனிதன் மெஷின் மாதிரி வாசிக்கிறார். அடுத்து ‘ப்ளூ மண்டே’: மெஷின் தனியாக ஓடுகிறது. கடைசியாக, இவை இரண்டுக்கும் நடுவில் 1982இல் வந்த ‘டெம்ப்டேஷன்’. அதில் சீக்குவென்சர் ஒரு பக்கம் ஓட, அதன் மேலேயே மாரிஸ் கையால் டிரம்ஸ் வாசிக்கிறார். முதல் தடவை சீக்குவென்சரை மட்டும் பின்தொடருங்கள், இரண்டாவது தடவை ஸ்னேரை மட்டும். மூன்றாவது தடவை இரண்டையும் சேர்த்துக் கேளுங்கள்.