எந்த உரிமைக்காக நடந்த போர்?

நடுவர் அவர்களே, அவையோரே, வணக்கம்.

அமெரிக்க உள்நாட்டுப் போருக்கு வரலாற்றாசிரியர்கள் காட்டும் காரணங்களில் நிலைத்து நிற்பது அடிமைமுறையா, மாநில உரிமையா என்பது இன்றைய தலைப்பு. அடிமைமுறையே என்று வாதாட எழுந்திருக்கிறேன். எனக்கு முன் பேசிய எதிரணி நண்பர், "மாநில சுயாட்சிக்குக் குரல் கொடுத்த தமிழ் மண்ணில் நின்றுகொண்டு, மாநில உரிமைக்காகத் துப்பாக்கி ஏந்தியவர்களைக் குறை சொல்ல இவர்களுக்கு எப்படி மனம் வருகிறது?" என்று கேட்டார். அரங்கமே கைதட்டியது. எழுதி வந்த குறிப்புகளை ஒதுக்கிவிட்டு அந்தக் கேள்விக்கே முதலில் பதில் சொல்கிறேன். மாநில உரிமை என் மதிப்புக்குரிய கொள்கை. அதனால்தான் அதை யாருடைய வழக்குக்கு வக்காலத்தாகக் கொடுக்கிறோம் என்பது எனக்கு முக்கியம்.

அடிமைமுறை நிலவிய தென் மாநிலங்கள் பல அமெரிக்க ஒன்றியத்தைவிட்டுப் பிரிந்து, தென் கூட்டமைப்பு என்று தனி அரசு அமைத்தன; அதன் படைக்கும் ஒன்றியப் படைக்கும் நடந்ததே இந்தப் போர். 1861 மே 23 அன்று வர்ஜீனியா மாநில வாக்காளர்களும் ஒன்றியத்தைவிட்டுப் பிரிவதற்கு ஒப்புதல் அளித்தார்கள். அன்றிரவே ஃபிராங்க் பேக்கர், ஷெப்பர்ட் மல்லோரி, ஜேம்ஸ் டவுன்சென்ட் என்ற மூன்று அடிமைகள், படகில் துடுப்புப் போட்டு, அதே மாநிலத்தில் ஒன்றியப் படையின் வசம் இருந்த மன்றோ கோட்டைக்கு வந்து சேர்ந்தார்கள். அவர்களுடைய எசமான் தென்படையில் கர்னல்; தென்படைக்குப் பீரங்கி மேடை கட்டும் வேலையில் அவர்களை விட்டிருந்தார். அடுத்ததாகக் குடும்பத்தைவிட்டுப் பிரித்துக் கரோலினாவுக்குக் கொண்டுபோகப் போகிறார்கள் என்று தெரிந்ததும் மூவரும் கிளம்பிவிட்டார்கள்.

மறுநாள் தென்படையின் மேஜர் ஜான் கேரி வெள்ளைக் கொடியோடு கோட்டைக்கு வந்தார். கோட்டைத் தளபதி பெஞ்சமின் பட்லர் மாசசூசெட்ஸ் மாநிலத்து வழக்கறிஞர்; பொறுப்பேற்று ஓரிரு நாள்தான் ஆகியிருந்தது. அவரை அடிமை ஒழிப்புப் போராளி என்று எண்ணிவிடாதீர்கள். முந்தைய ஆண்டு தம் கட்சி மாநாட்டில், பின்னாளில் தென் கூட்டமைப்பின் தலைவரான ஜெஃபர்சன் டேவிஸுக்கே குடியரசுத் தலைவர் வேட்பாளராகத் திரும்பத் திரும்ப வாக்களித்தவர் அவர். கேரி அவரிடம், 1850ஆம் ஆண்டின் தப்பியோடிய அடிமைகள் சட்டப்படி அந்த மூவரையும் ஒப்படைக்கும் கடமை உங்களுக்கு உண்டல்லவா என்று கேட்டார்.

அவையோரே, இந்த இடத்தைக் கொஞ்சம் நின்று பாருங்கள். முந்தின நாள் வரை, வாஷிங்டனின் சட்டம் எங்களைக் கட்டாது என்றார்கள். அதற்காக வாக்குப் பெட்டி வைத்தார்கள். விடிந்ததும் வெள்ளைக் கொடி பிடித்து வந்து கேட்பது என்ன? வாஷிங்டனின் சட்டத்தை நிறைவேற்றித் தா என்று! நாணயமும் வேறு, கொடியும் வேறு, தலைவரும் வேறு என்று போனவர்களுக்கு, ஒன்றிய நாடாளுமன்றம் இயற்றிய ஒரே ஒரு சட்டம் மட்டும் இன்னும் வேண்டியிருக்கிறது. அது மனிதனைப் பிடித்துக் கொடுக்கும் சட்டம்.

பட்லர் சொன்ன பதிலின் சாரம் இது: வர்ஜீனியா தன்னை வேற்று நாடு என்கிறது, அந்தச் சொல்லை நான் ஏற்றுக்கொள்கிறேன், வேற்று நாட்டுக்கு எங்கள் சட்டத்தில் பங்கில்லை, கர்னல் இங்கே வந்து அமெரிக்காவுக்கு விசுவாசப் பிரமாணம் எடுத்துக்கொண்டால் ஆட்களைத் தருகிறேன். பிரிந்து போன உரிமையா, பிடித்து வைத்திருந்த அடிமையா, ஒன்றைத் தேர்ந்தெடு என்று ஒரு வழக்கறிஞர் கேட்டுவிட்டார். மூவரும் கோட்டையிலேயே தங்கினார்கள்.

எதிரணி நண்பரே, அந்த 1850ஆம் ஆண்டுச் சட்டத்தையே எடுத்துக்கொள்வோம். வட மாநிலங்களின் நீதிமன்றங்களைத் தாண்டி, அவற்றின் குடிமக்களையே அடிமை பிடிக்கத் துணைபோகச் சொன்ன மத்தியச் சட்டம் அது. விஸ்கான்சின் மாநில உச்ச நீதிமன்றம், இந்தச் சட்டம் செல்லாது என்று துணிந்து சொன்னது. மாநில உரிமை என்றால் அதுதானே மாநில உரிமை! தென்பகுதி அதைப் பாராட்டியதா? 1860 டிசம்பரில் தென் கரோலினா பிரிந்தபோது வெளியிட்ட அறிக்கையைப் படித்துப் பாருங்கள்: வட மாநிலங்கள் அந்தச் சட்டத்துக்கு எதிராகச் சட்டம் போட்டன, நியூயார்க் வழியாக அடிமைகளைக் கொண்டுசெல்ல விடவில்லை என்பவை அதன் குற்றச்சாட்டுகள். அடுத்த மாநிலத்தின் உரிமையே அவர்களுக்குக் குறையாகப்பட்டது. தென் கூட்டமைப்பு எழுதிக்கொண்ட அரசியல் சட்டமோ, அடிமைச் சொத்துரிமையைக் குறைக்கும் சட்டம் இயற்றக் கூடாது என்று தன் நாடாளுமன்றத்தின் கையையே கட்டியது.

அப்படியானால் மாநில உரிமை என்ற விளக்கம் எங்கிருந்து வந்தது? கூட்டமைப்பின் துணைத் தலைவர் அலெக்சாண்டர் ஸ்டீஃபன்ஸ், 1861 மார்ச் 21 அன்று சவானா நகரில், கறுப்பர் வெள்ளையருக்குச் சமமானவர் அல்லர் என்பதே எங்கள் புதிய அரசின் மூலைக்கல் என்று முழங்கினார். போரில் தோற்ற பிறகு, 1868இல், அதே மனிதர் போர் அரசியல் சட்டக் கொள்கைக்காக நடந்தது என்று எழுதத் தொடங்கினார். பல வரலாற்றாசிரியர்கள் பிந்தைய ஸ்டீஃபன்ஸையே நம்பினார்கள் என்பதுதான் என் வருத்தம். 1927இல் சார்லஸ் பியர்டும் மேரி பியர்டும் ஆலை முதலாளிகளுக்கும் தோட்ட முதலாளிகளுக்கும் நடந்த மோதல் என்றார்கள். அந்தத் தோட்டத்தின் பெருமுதலே நாற்பது லட்சம் அடிமைகள்தான் என்பது பின்னுக்குப் போயிற்று. முதல் உலகப் போரின் கசப்பில் எழுதிய ராண்டலும் கிரேவனும், தவறு செய்த அரசியல்வாதிகளால் வந்த வேண்டாத போர் என்றார்கள். அடிமைகளுக்கு அது வேண்டாத போரா? தாமே எழுந்து நடந்து அந்தப் போரின் போக்கை மாற்றியவர்கள் அடிமைகள் என்று 1935இல் கறுப்பின வரலாற்றாசிரியர் டு பாய்ஸ் எழுதியதைக் கல்விக்கூடங்கள் காது கொடுத்துக் கேட்க ஒரு தலைமுறை ஆயிற்று. பின்னர் தென்பகுதியிலேயே பிறந்த சார்லஸ் டியூ, பிரிந்த மாநிலங்கள் மற்ற அடிமை மாநிலங்களுக்கு அனுப்பிய தூதர்களின் பேச்சுகளைத் தேடித் தொகுத்து ஆராய்ந்தார். அந்தப் பேச்சுகளில் ஓங்கி ஒலித்தது அடிமைமுறை போய்விடுமே, வெள்ளையர் மேலாண்மை போய்விடுமே என்ற அச்சம்.

நடுவர் அவர்களே, அந்த மூவருக்குப் பின்னால் மன்றோ கோட்டைக்குச் சில வாரங்களில் நூற்றுக்கணக்கானோர் வந்தார்கள். கைக்குழந்தையோடு பெண்கள் வந்தார்கள், முதியவர்கள் வந்தார்கள். அவர்கள் எந்த வரலாற்று நூலையும் படித்துவிட்டு வரவில்லை. போர் எதைப் பற்றியது என்று அவர்கள் உடம்புக்குத் தெரிந்திருந்தது. போர் முடிந்த பின் கறுப்பர் வாசித்த பத்திரிகைகளில் ஆள் தேடும் அறிவிப்புகள் வரத் தொடங்கின. என் தாயின் பெயர் இது, எங்களை வைத்திருந்தவர் பெயர் இது, இந்த ஊரில் இன்னாருக்கு விற்றார்கள், என் தம்பி அப்போது சிறு பிள்ளை, பார்த்தவர்கள் எழுதுங்கள் என்று கேட்டார்கள். தேவாலயங்களில் போதகர்கள் அவற்றை உரக்கப் படித்தார்கள். முப்பது ஆண்டுகள் கழித்தும் அந்த அறிவிப்புகள் நிற்கவில்லை. பிள்ளையை இழந்தவர்கள் கிழவிகளாகிவிட்ட பிறகும் நிற்கவில்லை.

மாநிலங்களின் தீர்மானங்களோடும் பேராசிரியர்களின் நூல்களோடும் அந்த அறிவிப்புகளையும் சாட்சியமாக ஏற்றுக்கொண்டு தீர்ப்பு வழங்குமாறு கேட்டு அமர்கிறேன். வணக்கம்.