மழை அங்கே, ஆறு இங்கே: சின்னாறு காட்டில் ஒரு பகல்

வணக்கம் மக்களே. பின்னால் கேட்கும் இரைச்சல் காற்று இல்லை, பாம்பாறு. மைக் கொஞ்சம் திணறும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

உடுமலைப்பேட்டை, மூணாறு சாலையில் கேரள எல்லையில் இருக்கும் சின்னாறு செக்போஸ்ட்டைத் தாண்டி, ஆலம்பெட்டியில் வண்டியை நிறுத்திவிட்டு, வழிகாட்டி அண்ணனோடு நடந்து வந்தேன். யானைக் காடு, தனியாக விட மாட்டார்கள்.

முதலில் என் பேண்ட்டைப் பாருங்கள். முழங்கால் வரை முள்ளும் புல் விதையும். வந்த வழியெல்லாம் கள்ளி, முள்மரம், காய்ந்த புல். இது ஆனி மாதம். மூணாறில் நேற்றெல்லாம் கொட்டித் தீர்த்திருக்கிறது. இங்கே ஒரு சொட்டு கிடையாது, செருப்பில் புழுதி. ஆனால் ஆற்றைப் பாருங்கள், டீ போலக் கலங்கி, பாறையெல்லாம் மூழ்கி ஓடுகிறது. இறங்கவே கூடாது என்று அண்ணன் முதலிலேயே சொல்லிவிட்டார்.

எப்படி? இந்த ஆறு பிறப்பது 2,695 மீட்டர் உயர ஆனைமுடிச் சரிவுகளில். தென்மேற்குக் காற்று மேற்கே இருந்து மலையேறும்போதே ஈரத்தையெல்லாம் அங்கே இறக்கிவைத்துவிடுகிறது. இந்தப் பக்கம் சரிந்து வருவது சூடேறிய வறண்ட காற்று. பள்ளிக்கூடத்தில் மழை மறைவுப் பகுதி என்று படித்தோமே, அதுதான் இது. சின்னாறு காட்டின் சொந்த மழை பெரும்பாலும் ஐப்பசி, கார்த்திகையில்தான். அதுவரை ஆறு மேலே இருந்து கடன் வாங்கி ஓடுகிறது.

இப்போது கேமராவைக் கரைப் பக்கம் திருப்புகிறேன். வெளுத்த வழவழப்பான பட்டையோடு நிற்பது நீர்மருது. என் தலைக்கு மேலே கிளையில் சிக்கியிருக்கும் குப்பை தெரிகிறதா? பழைய வெள்ளம் விட்டுப்போனது. இன்னும் உயரத்தில், கவட்டையில் குச்சியும் இலையுமாக ஒரு கூடு. சாம்பல் நிற மலை அணிலுடையது என்றார் அண்ணன். நானும் அரை மணி நேரம் கழுத்து வலிக்கப் பார்த்தேன், ஆள் வெளியே வரவில்லை. கொம்பு கொம்பாகத் தாவித்தான் அது வாழ்கிறது. அதனால் ஆற்றங்கரையில் இப்படி நெருங்கி நிற்கும் மரங்கள் அதற்கு முக்கியம்.

அந்தப் பச்சை எவ்வளவு அகலம் என்று சும்மா நடந்து பார்த்தேன். இந்த இடத்தில் முப்பத்தைந்து எட்டு. முப்பத்தாறாவது எட்டில் மறுபடியும் முள்.

கேரளத்தின் 44 ஆறுகளில் கிழக்கே வருபவை கபினி, பவானி, இந்தப் பாம்பாறு, மூன்றே மூன்றுதான். மேலே தூவானம் அருவியில் குதித்து, கீழே கூட்டாற்றில் சின்னாற்றோடு சேர்கிறது. வரும்போது பாலத்தில் கடந்தோமே, எல்லைக்கோடாக ஓடும் அந்தச் சின்னாறுதான். அப்புறம் பெயர் அமராவதி. முதலைகள் இருக்கும் அந்த அணையைத் தாண்டி, கரூர்ப் பக்கம் திருமுக்கூடலூரில் காவிரியில் கலக்கிறது. சங்கப் பாட்டில் வரும் ஆன்பொருநை இதுதான். கரூர்க்காரர்கள் கமெண்டில் வாருங்கள், உங்கள் பக்கம் இப்போது தண்ணீர் எவ்வளவு?

ஒரு நிமிடம். அண்ணன் கை காட்டுகிறார். வந்த வழியிலேயே யானைச் சாணம், ஆவி பறக்கிறது. வரும்போது அது அங்கே இல்லை. கேமராவை அணைக்கிறேன் மக்களே.