கட்டாரில் இருக்கிறவன் மேலா முறைப்பாடு?

நடுவர் அவர்களே, விசுவமடு மக்களே, வணக்கம்.

"குடும்ப வன்முறை வழக்கில் கணவனோடு மாமன், மாமி, மச்சாளையும் சேர்ப்பது நியாயமா, பழிவாங்கலா?" என்பது தலைப்பு. நியாயமே என்று பேச வந்திருக்கிறேன். ஊன்றுகோலோடு நீதிமன்றப் படியேறும் மாமாவைப் பற்றி எதிரணி அண்ணா சொன்னபோது பலர் கலங்கிப் போனீர்கள். எனக்கும் அந்த வயோதிபர் மேல் இரக்கம் உண்டு. ஆனால் அண்ணா சொன்ன சட்டம் இந்தியாவினது, எங்கள் இலங்கையினுடையது அல்ல.

அவர் காட்டியது இந்தியத் தண்டனைச் சட்டத்தின் 498அ பிரிவு. 1983இல் வந்தது, இப்போது அதற்குப் பதிலாக வந்த புதிய தண்டனைச் சட்டமான பாரதிய நியாய சன்ஹிதாவின் 85ஆம் பிரிவு. கணவனோ அவனது உறவினரோ கொடுமை செய்தால் மூன்று ஆண்டு வரை சிறை. பிடியாணை இல்லாமலே கைது செய்யலாம். குடும்பத்தையே அள்ளிக்கொண்டு போகிறார்கள் என்ற குறை அங்கே எழுந்தது உண்மை. 2014இல் அர்னேஷ் குமார் வழக்கில், எடுத்தவுடன் கைது செய்யாதே என்றது இந்திய உச்ச நீதிமன்றம். 2022இல் ககஷான் கௌசர் வழக்கில், யார் என்ன செய்தார் என்று சொல்லாமல் பொத்தாம்பொதுவாகச் சாட்டியதால் கணவனின் உறவினர் மீதான வழக்கைத் தள்ளியது. செய்ததைச் சொல் என்றுதான் கேட்டது. மாமியாரைத் தொடாதே என்று எங்கே சொன்னது?

எங்களிடம் இருப்பது 2005ஆம் ஆண்டின் 34ஆம் இலக்கக் குடும்ப வன்முறைத் தடுப்புச் சட்டம். அதில் முதலில் வருவது விலங்கு அல்ல, இனி வன்முறை செய்யாதே என்று தடுக்கும் பாதுகாப்புக் கட்டளை. நீதவானிடம் விண்ணப்பம், 14 நாளுக்குள் விசாரணை, கட்டளை 12 மாதம் வரை. அதை மீறினால்தான் ஒரு வருடம் வரை சிறையோ பத்தாயிரம் ரூபா வரை தண்டமோ இரண்டுமோ. கணவனின் தாய், தகப்பன், சகோதரர்களுக்கு எதிராகவும் இதைக் கேட்கலாம் என்று சட்டமே சொல்கிறது. அடிகாயம் என்றால் தண்டனைச் சட்டக்கோவையின் கீழ்த் தனி வழக்கு. தூண்டிவிட்டவருக்கும் அதில் பிரிவு உண்டு.

சரி, மாமியை ஏன் சேர்க்க வேண்டும்? 2009இல் போர் முடிந்த பிறகு மகளுக்குச் சீதன வீடு கொடுக்க வழியில்லாமல் போன குடும்பங்கள் எத்தனை! அவள் கணவன் வீட்டுக்குப் போகிறாள். காணி உத்தரவுப் பத்திரம் மாமியின் பெயரில். கணவன் கட்டாரில். அடிப்பது கணவனின் சகோதரனான மச்சான். நகையை வாங்கி அலுமாரியில் பூட்டியது மச்சாள். இரவில் பிள்ளையை உள்ளே வைத்துக்கொண்டு அவளை மட்டும் வெளியே தள்ளிப் படலையைப் பூட்டியது மாமி. தட்டிவிட்ட சோறும் கறியும் இன்னும் அவள் சட்டையில் காயவில்லை. இவள் யார் மேல் முறைப்பாடு கொடுப்பது? கட்டாரில் இருக்கிறவன் மேலா?

பொலிஸுக்குப் போனால் வாங்கில் இருத்தி, "மாமி தாய் மாதிரி, அந்தப் பெயரை எடு பிள்ளை" என்கிறார்கள். ஊர்ப் பெரியவர்களும் அதையே சொல்கிறார்கள். எனக்கு ஆத்திரம் வருவதே இந்த இடத்தில்தான். தாய் மாதிரி இருந்தவளின் பெயரை எந்தப் பெண் எழுதப் போகிறாள்?

மன்னாரில் கட்டிக்கொடுத்து, திருவிழாவுக்கு மட்டும் வந்து போகிற மச்சாளின் பெயரையும் சேர்த்து எழுதினால் அது பிழைதான். அப்படி எழுதினால் சாட்சி சொல்லும்போது வழக்கு ஆட்டம் கண்டுவிடும், கடைசியில் அடித்தவனே தப்புவான். எங்கள் அணி அதைக் கேட்கவில்லை. செய்தவரின் பெயரும் செய்த செயலும் பக்கத்தில் பக்கத்தில் இருக்க வேண்டும், அவ்வளவுதான்.

மாமியின் பெயரில் உள்ள வீட்டில், மாமி மேல் வழக்குப் போட்டவள் எப்படி இருப்பாள் என்று அண்ணா கேட்டார். சேர்ந்து வசிக்கும் வீட்டுக்குள் அவள் நுழைவதையோ இருப்பதையோ தடுக்கக்கூடாது என்று நீதவான் கட்டளையிடலாம். படலைத் திறப்பு மாமியின் இடுப்பில். கட்டளையில் மாமியின் பெயரை எழுதாமல் அந்தப் படலையை எப்படித் திறக்கலாம் என்று எதிரணி வந்து சொல்லட்டும்.