கார்னர்ல தனியா நின்னவர் போட்ட கணக்கு: டிக் லெபோ

எல்லாருக்கும் வணக்கம். எந்த விளையாட்டைப் பத்தி வேணாலும் பேசலாம்னு ரேடியோல கூப்பிட்டாங்க, நான் அமெரிக்கன் ஃபுட்பால்னு சொன்னேன், கொஞ்சம் யோசிச்சாங்க, அதுலயும் ஒரு டிஃபென்ஸ் கோச்சைப் பத்தின்னதும் இன்னும் கொஞ்சம் யோசிச்சாங்க. நியாயம்தான். அந்த ஆட்டத்துல டச்டவுன் போடுறவங்க, அதாவது பந்தை எதிர்ப்பக்கக் கோட்டைத் தாண்டிக் கொண்டு போய் பாயின்ட் எடுக்குறவங்க பேரே நம்மள்ல நிறைய பேருக்குத் தெரியாது, அதைத் தடுக்கச் சொல்லிக் குடுத்தவரை யார் தேடப் போறாங்க. ஆனா டிக் லெபோ லேசுல விட்டுட்டுப் போற ஆளு இல்லைங்க. 1959ல பிளேயரா என்எஃப்எல், அதாவது அமெரிக்காவோட பெரிய ஃபுட்பால் லீக் உள்ள வந்தவர் 2017 சீசன் முடியுற வரைக்கும் வெளிய போகல, முதல்ல ஆட்டம், அப்புறம் கோச்சிங், நடுவுல ஒரு வருஷம் கூட கேப் கிடையாது, மொத்தம் 59 சீசன்.

பொறந்தது 1937ல, ஊர் பேரு லண்டன், ஆனா இங்கிலாந்து லண்டன் இல்ல, ஒஹையோ மாநிலத்துல இருக்குற ஒரு சின்ன ஊரு. காலேஜ் ஆட்டம் ஒஹையோ ஸ்டேட்ல, 1957ல தேசிய சாம்பியனான டீம்ல இருந்தவர். 1959 டிராஃப்ட்ல, அதாவது காலேஜ் பசங்களை டீம்கள் வரிசையா தேர்ந்தெடுக்குறதுல, கிளீவ்லேண்ட் பிரவுன்ஸ் எடுத்தாங்க, எடுத்த வேகத்துல சீசன் தொடங்குறதுக்கு முன்னாடியே கழட்டியும் விட்டாங்க. அப்போ அங்க கோச் பால் பிரவுன், டீம் பேரே அவரோட பேருதான். அவரை ஞாபகம் வச்சுக்கோங்க, மறுபடி வருவார்.

அங்கருந்து டெட்ராய்ட் லயன்ஸ். 44ஆம் நம்பர் ஜெர்சி, 14 சீசன், கார்னர்பேக். இந்த கார்னர்பேக் வேலை என்னன்னு சொல்லிட்டா மத்ததெல்லாம் ஈஸியா புரிஞ்சிடும். எதிர் டீம்ல பந்தைப் பிடிக்க ஓடுற ரிசீவருக்குத் தான் எங்க திரும்பப் போறோம்னு முன்னாடியே தெரியும், அவரை மறிக்கிற கார்னர்பேக்குக்குத் தெரியாது. பாதி நேரம் பின்னாடி பின்னாடியே ஓடணும், அவர் இடுப்பு எந்தப் பக்கம் திரும்புதுன்னு பாத்து நாமளும் திரும்பணும், ஒரு அடி தப்பினா அவ்வளவுதான், பந்து தலைக்கு மேல போயிடும், ஸ்டேடியம் மொத்தமும் நம்மளத்தான் பாக்கும். லெபோவுக்குப் பெரிய ஓட்ட வேகம் எல்லாம் கிடையாது. எதிர் டீம் ஃபிலிமைப் போட்டு உக்காந்து படிச்சுப் படிச்சு சமாளிச்சவர். போதாக்குறைக்கு மறுபக்கத்து கார்னர்ல கொஞ்ச வருஷம் நின்னது நைட் ட்ரெய்ன் லேன், அந்தக் காலத்துல அவர் பக்கம் பந்து போட யாருக்கும் தைரியம் வராது, அப்போ பந்தெல்லாம் எங்க வரும்? இவர் பக்கம்தான். வரட்டும்னு நின்னார், மொத்தம் 62 இன்டர்செப்ஷன், அதாவது எதிர் டீம் போட்ட பந்தை நடுவுல பறிச்சது, அதுல 1970ல மட்டும் 9. தொடர்ந்து 171 மேட்ச், ஒண்ணு கூட மிஸ் பண்ணாம ஆடினார்.

1972 சீசனோட ஆட்டத்தை விட்டார், 1973ல ஃபிலடெல்ஃபியா ஈகிள்ஸ்ல அசிஸ்டன்ட் கோச், அப்புறம் கிரீன் பே, 1980ல சின்சினாட்டி பெங்கால்ஸ். அந்த டீமை ஆரம்பிச்சு நடத்திட்டு இருந்தது யாருன்னு நினைக்கிறீங்க, நம்ம பால் பிரவுன். 21 வருஷம் முன்னாடி வேணாம்னு அனுப்பின அதே மனுஷன் டீம்ல போய் வேலைக்குச் சேர்ந்தார். 1984ல மொத்த டிஃபென்ஸும் இவர் கைக்கு வந்துடுச்சு.

விஷயமே இங்கதான் சூடு பிடிக்குது. அந்த 80கள்ல எல்லாரையும் அடிச்சுத் துவைச்சிட்டு இருந்தது சான் ஃபிரான்சிஸ்கோ, கோச் பில் வால்ஷ். அவரோட ஆட்டம் என்னன்னா குட்டி குட்டியா, சட்டு சட்டுன்னு பாஸ். இதை நிறுத்த பழைய வைத்தியம் ஒண்ணு இருந்துச்சு, பிளிட்ஸ், அதாவது பின்னாடி காவல் நிக்க வேண்டிய ரெண்டு மூணு பேரையும் சேத்து, பாஸ் போடுற குவார்ட்டர்பேக் மேல ஏவி விடுறது. மாட்டினா ஜாக்பாட். மாட்டலைன்னா? கிளம்பி வந்தவன் விட்டுட்டு வந்த இடம் காலியா கிடக்கும், கெட்டிக்கார குவார்ட்டர்பேக் நேரா அங்கயே போட்டுடுவான், பின்னாடி கார்னர்பேக் துணைக்கு ஆளே இல்லாம தனியா நிப்பான். அந்தத் தனிமை எப்படி இருக்கும்னு 14 வருஷம் நின்னு பாத்தவர் இவர். அதனாலதான் இவருக்கு அந்த யோசனை வந்துச்சுன்னு நான் உறுதியா நம்புறேன், கார்னர்ல நிக்காத ஒருத்தருக்கு வந்திருக்காது.

மியாமி டால்ஃபின்ஸ் டிஃபென்ஸைக் கட்டி எழுப்பின பில் ஆர்ன்ஸ்பார்கர் அப்போ எல்எஸ்யூ காலேஜ்ல கோச்சா இருந்தார், லெபோ அவர்கிட்ட போய் உக்காந்து பேசினார். ஆபத்தில்லாம பிரஷர் குடுக்க முடியுமாங்கிறதுதான் கேள்வி. அங்க கிடைச்ச விதையை சின்சினாட்டில வந்து வளத்து எடுத்ததுதான் ஸோன் பிளிட்ஸ். எப்படின்னா, ஒரு பக்கத்துலேர்ந்து, பின்னாடி காவல் நிக்கிற லைன்பேக்கரோ சேஃப்டியோ திடீர்னு பாயுவாங்க, குவார்ட்டர்பேக் பாப்பான், ஆஹா பிளிட்ஸ் வருது, அந்த இடம் காலின்னு பழக்கதோஷத்துல அங்கயே பந்தைப் போடுவான். ஆனா அங்க ஒரு 130 கிலோ லைன்மேன் நின்னுட்டு இருப்பான், முன்னாடி முட்டி மோத வேண்டிய ஆளு, சத்தமில்லாம நாலு எட்டு பின்வாங்கி வந்து அந்த இடத்தை அடைச்சிருப்பான். பாயுறது மொத்தமே அஞ்சு பேர்தான், பின்னாடி ஆறு பேர் அப்படியே காவல் இருக்காங்க. கிரிக்கெட் பாக்குறவங்க கூக்ளியை நினைச்சுக்கோங்க, கை ஒண்ணு சொல்லும் பந்து வேற பக்கம் போகும். இன்னொரு லாபம், எதிர் டீம் லைன்ல ரெண்டு பேர் வராத ஆளைத் தடுக்க ரெடியா நிப்பாங்க, அந்தப் பக்கம் வர்றவனைத் தடுக்க ஆளு பத்தாது.

இதுல ஒரு தமாஷ் இருக்கு. வால்ஷோட அந்தக் குட்டி பாஸ் ஆட்டமே 70கள்ல அவர் சின்சினாட்டில அசிஸ்டன்டா இருந்தப்போ உருவானதுதான். நோயும் மருந்தும் ஒரே ஊர்ல. ஆனா மருந்து முழுசா வேலை செஞ்சுதான்னா, இல்ல. 1989 ஜனவரி, மியாமில சூப்பர் பௌல், அதாவது லீக்கோட ஃபைனல், எதிர்ல அதே சான் ஃபிரான்சிஸ்கோ, சின்சினாட்டி 16-13 முன்னிலை. அதுக்கு முன்னாடியே, நாலாவது குவார்ட்டர் ஆரம்பத்துல, லூயிஸ் பில்லப்ஸ்ங்கிற அவங்க கார்னர்பேக் எண்ட் ஸோன்ல, அதாவது டச்டவுன் கோட்டுக்குப் பின்னாடி, கைக்கு வந்த இன்டர்செப்ஷனை நழுவ விட்டுட்டார், அடுத்த பந்துலயே டச்டவுன். கடைசில சான் ஃபிரான்சிஸ்கோ குவார்ட்டர்பேக் ஜோ மான்டானா 92 யார்டு நகத்திட்டு வந்து 34 செகண்ட் மிச்சம் இருக்கும்போது முடிச்சு வச்சார், 20-16. 62 பந்து பிடிச்ச மனுஷன் வெளிய நின்னு அந்த நழுவுன பந்தைப் பாத்திருக்கார் பாருங்க, எனக்கு அந்த மேட்ச்ல மான்டானாவை விட அதுதான் மனசுல நிக்குது.

1992ல பிட்ஸ்பர்க் ஸ்டீலர்ஸ் போனார், அங்க இவரோட டிஃபென்ஸ் ஊருக்கே அடையாளமாயிடுச்சு, பிளிட்ஸ்பர்க்னே பேர் வச்சாங்க. திரும்ப சின்சினாட்டி வந்து 2000லேர்ந்து 2002 வரைக்கும் ஹெட் கோச்சாவும் இருந்து பாத்தார், 12 ஜெயிச்சு 33 தோத்து வேலை போச்சு, இதைப் பத்தி அதிகம் பேச ஒண்ணுமில்ல, டீமும் சுமார், அவருக்கும் அந்த நாற்காலி செட் ஆகல. 2004ல மறுபடி பிட்ஸ்பர்க். 2006 பிப்ரவரில சூப்பர் பௌல் ஜெயிச்சாங்க. 2008 சீசன்ல யார்டு கணக்குலயும் பாயின்ட் கணக்குலயும் லீக்லயே நம்பர் ஒன் டிஃபென்ஸ், மேட்ச்சுக்கு சராசரியா 13.9 பாயின்ட்தான் விட்டாங்க.

அந்த சீசன் சூப்பர் பௌல் இருக்கே, 2009 பிப்ரவரி 1, டாம்பா. பாதி ஆட்டம் முடிய 18 செகண்ட், பிட்ஸ்பர்க் 10-7, ஆனா அரிஸோனா கோட்டுலேர்ந்து ஒரே யார்டுல நிக்குது. லெபோ முழு பிளிட்ஸ் சொல்லி அனுப்புறார், லைன்பேக்கர் ஜேம்ஸ் ஹாரிசனும் பாயணும். ஹாரிசன் பாயுற மாதிரி ஒரு எட்டு வச்சார், பந்து சட்டுன்னுதான் வெளிய வரும், நாம போய்ச் சேர முடியாதுன்னு தோணி அங்கயே நின்னுட்டார். அரிஸோனா குவார்ட்டர்பேக் கர்ட் வார்னர் அவரைப் பாக்கவே இல்ல, நேரா அவர் கைல போட்டார். 100 யார்டு ஓட்டம், டைம் முடிஞ்சு போச்சு, ஓடுறாரு, கடைசில ரெண்டு பேர் மேல விழுந்து இழுக்க எண்ட் ஸோன்ல தலைகுப்புற விழுந்து எழுந்திரிக்கவே முடியாம மூச்சு வாங்கிட்டுக் கெடந்தார். 17-7. மேட்ச் முடிஞ்சப்போ பிட்ஸ்பர்க் 27-23, அந்த ஓட்டம் இல்லைன்னா என்ன ஆயிருக்கும்னு நீங்களே கணக்குப் பாத்துக்கோங்க. கோச் சொன்னதை மீறித்தான் அந்த ஆட்டம் வந்துச்சு, ஆனா பாயுற மாதிரி காட்டிட்டு நிக்கிறதுங்கிற புத்தியே இவர் வளத்து விட்டதுதானே.

பிளேயர்ஸ் இவர் மேல வச்சிருந்த பாசம் தனி ரகம். கிறிஸ்துமஸ் வந்தா ஒரு நீளமான பழைய கிறிஸ்துமஸ் கவிதையை பேப்பர் இல்லாம மனப்பாடமா சொல்லுவார், மாமிச மலை மாதிரி இருக்குற ஆளுங்க எல்லாம் சின்னப் பசங்க மாதிரி கேட்டுட்டு உக்காந்திருப்பாங்க. ஹால் ஆஃப் ஃபேம், அதாவது இந்த ஆட்டத்தோட பெரிய ஆளுங்களைக் கௌரவிக்கிற இடம், இவரை வருஷக்கணக்கா கண்டுக்கல. 2007ல ஹால் ஆஃப் ஃபேம் இருக்குற கேன்டன்லயே ஒரு மேட்ச், டிஃபென்ஸ் பசங்க எல்லாரும் லயன்ஸோட பழைய 44ஆம் நம்பர் ஜெர்சியைப் போட்டுட்டு வந்து இறங்கினாங்க. 2010ல ஒரு வழியா எடுத்தாங்க, 72 வயசுல, அதுவும் பிளேயர் கணக்குல. ஸோன் பிளிட்ஸ் பத்தி அந்தக் கணக்குல ஒரு வரி கிடையாது, இது எனக்கு இப்பவும் ஒத்துக்க முடியல.

இன்னைக்கு எந்த டீம் டிஃபென்ஸைப் பாத்தாலும் லைன்மேன் பின்வாங்குறதும் பின்னாடி நிக்கிறவன் பாயுறதும் சர்வ சாதாரணம், அதனாலயே குவார்ட்டர்பேக்குகளும் படிச்சுட்டாங்க. நல்லாப் படிச்சது நியூ இங்கிலாந்து குவார்ட்டர்பேக் டாம் பிரேடி, பொறுமையா ஓரத்துல ஓரத்துல குட்டி பாஸ் போட்டே பிட்ஸ்பர்க்கைப் பல தடவை உரிச்சு எடுத்தவர். 2015 ஜனவரில லெபோ பிட்ஸ்பர்க்கை விட்டார், மூணு சீசன் டென்னசி டைட்டன்ஸ். 2018 ஜனவரில பிளேஆஃப், லெபோவுக்கு 80 வயசு, எதிர்ல யாருன்னா அதே பிரேடி, 40 வயசு, லெபோ கோச்சிங் ஆரம்பிச்சப்போ பிறக்கக்கூட இல்லாத ஆளு. நியூ இங்கிலாந்து 35, டென்னசி 14. அதுக்கப்புறம் அவர் எந்த டீமுக்கும் போகல.